பீன்ஸ் பொரியலும் சுருள வதக்கிய வெங்காயமும்: எது தப்பினால் என்ன செய்வது

பீன்ஸ் பொரியலுக்கு வெங்காயம் போடுகிறவர்கள் நிறைய. அந்த வெங்காயத்தை நிஜமாகவே பொன்னிறம் தாண்டி, சுருண்டு, விரலில் ஒட்டுகிற பதம் வரும்வரை வதக்கிச் சேர்க்கிறவர்கள் ரொம்பக் குறைவு. ஒரு தடவை அப்படிச் செய்து ரசஞ்சோற்றுக்குத் தொட்டுக்கொண்டால் தேங்காய்ப்பூ போட்ட பொரியல்கூடக் கொஞ்ச நாளைக்கு மறந்துபோகும். ஆசைப்பட்டுச் செய்துபார்த்து, சரியாக வராமல் விட்டவர்களுக்காகத்தான் இதை எழுதுகிறேன். உங்கள் வாணலியில் என்ன கோளாறு தெரிகிறதோ அந்த இடத்துக்கு நேராகப் போய்விடலாம், ஆனால் அடுத்த இரண்டு பத்தியை மட்டும் படித்துவிட்டுப் போங்கள், பாதிக் கோளாறு அங்கேயே தீர்ந்துவிடும்.

வெங்காயத்துக்கு வேண்டியதும் பீன்ஸுக்கு வேண்டியதும் நேர் எதிர். வெங்காயத்தில் இருக்கிற தண்ணீர் வெளியேற வேண்டும், அதற்கு நேரம் வேண்டும், மூடி கூடாது. பீன்ஸுக்குத் தண்ணீர் வேண்டும், நல்ல சூடு வேண்டும், நேரம் அதிகமாகக் கூடாது. நாம் வழக்கமாகச் செய்வது என்ன? கடுகு தாளித்து, வெங்காயத்தைப் போட்டு ரெண்டு புரட்டு புரட்டி, பீன்ஸைக் கொட்டி, தண்ணீர் தெளித்து மூடிவிடுவோம். தினப்படி பொரியலுக்கு அது போதும், குறை சொல்லவில்லை. ஆனால் இந்தப் பொரியலுக்கு அது ஆகாது. வெங்காயம் தனி, பீன்ஸ் தனி, கடைசி ரெண்டு நிமிடம் மட்டும் சேர்ந்து. இதை விட்டுக்கொடுக்காதீர்கள்.

அளவு, நாலு பேருக்கு: பீன்ஸ் 300 கிராம், உரித்த சின்ன வெங்காயம் 250 கிராம் (பெரிய வெங்காயம் என்றால் 3), கடலை எண்ணெய் 2 மேசைக்கரண்டி, கடுகு அரை தேக்கரண்டி, உளுத்தம்பருப்பு 1 தேக்கரண்டி, காய்ந்த மிளகாய் 3, கறிவேப்பிலை ஒரு ஈர்க்கு, உப்பு. வெங்காயம் பார்க்கும்போது மலைபோலத் தெரியும், பயப்பட வேண்டாம், வதங்கி முடிந்ததும் ஒரு கைப்பிடிக்கு வந்துவிடும்.

வெங்காயம் வெள்ளையாகவே நிற்கிறது, தண்ணீர்தான் விடுகிறது, நிறம் வரவே இல்லை

அதிகம் பேருக்கு நடப்பது இதுதான், அதனால் இதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன். பெரிய வெங்காயத்தில் நூற்றுக்கு 89 பங்கு வரை தண்ணீர். அந்தத் தண்ணீர் வாணலியில் இருக்கிறவரை வெங்காயத்தின் சூடு 100 டிகிரியைத் தாண்டாது, நீங்கள் அடுப்பை எவ்வளவு ஏற்றினாலும் சரி. நிறம் நன்றாகப் பிடிப்பதோ 140 டிகிரியை ஒட்டித்தான். ஆக முதல் பாதி நேரம் நீங்கள் வெங்காயத்தை வதக்கவில்லை, அதிலிருக்கும் தண்ணீரை ஓட்டிக்கொண்டிருக்கிறீர்கள், அவ்வளவுதான். சமையல் குறிப்புகளில் 'ஐந்து நிமிடம் பொன்னிறமாக வதக்கவும்' என்று போட்டிருப்பதை நம்பி ஐந்தாவது நிமிடம் எட்டிப்பார்த்தால் ஏமாற்றம்தான் மிஞ்சும். ஐந்து நிமிடத்தில் கண்ணாடிப் பதம் வரும், அதற்கு மேல் வராது. 250 கிராம் சின்ன வெங்காயத்துக்கு நிதானமான தீயில் எனக்கு 20 முதல் 25 நிமிடம் ஆகிறது. அரை கிலோ பெரிய வெங்காயம் என்றால் 40 நிமிடம் பக்கம்.

பக்கத்தில் நின்று கவனித்தால் காதே சொல்லிவிடும். போட்டதும் பெரிய சத்தம் கேட்கும், அது தண்ணீர் எண்ணெயில் விழுகிற சத்தம். ஏழெட்டு நிமிடத்தில் வெங்காயம் தொய்ந்து, சத்தம் ஈரமாக, கொதிக்கிற மாதிரிக் கேட்கும், வாசனையும் இன்னும் பச்சையாகத்தான் இருக்கும், கண்ணைக்கூட லேசாகக் கரிக்கும். பிறகு ஒரு கட்டத்தில் சத்தம் திடீரென்று குறைந்து சின்னச் சின்னப் பொரியல் சத்தமாக மாறும், எண்ணெய் ஓரத்தில் தெளிந்து பிரியும். அந்த இடம்தான் முக்கியம், தண்ணீர் முடிந்துவிட்டது என்று அர்த்தம். அதற்கப்புறம் நிறம் மளமளவென்று ஏறும், போனை எடுத்துப் பேசினால் போச்சு. வைக்கோல் நிறம், தேன் நிறம், அப்புறம் வெல்லப்பாகு நிறம். பொரியலுக்கு வெல்லப்பாகு நிறத்தில் நிறுத்துங்கள், அதற்கும் மேலே போனால் பிரியாணிக்குப் போடுகிற பொரித்த வெங்காயம் ஆகிவிடும், அது வேறு சமாச்சாரம்.

சரி, 25 நிமிடம் ஆகியும் வரவில்லை என்றால் இவற்றைப் பாருங்கள். வாணலி சின்னதா? வெங்காயம் ஒன்றன்மேல் ஒன்றாகக் குவிந்து கிடந்தால் கீழே இருப்பதன் ஆவியில் மேலே இருப்பது வேகும், வதங்காது. அகலமான இருப்புச் சட்டியோ தோசைக்கல் மாதிரித் தட்டையான கனத்த பாத்திரமோ எடுங்கள். மூடி போட்டீர்களா? எடுத்துவிடுங்கள். உப்பு எடுத்த எடுப்பிலேயே நிறையப் போட்டீர்களா? உப்பு தண்ணீரை ஒரேயடியாக இழுத்துவிடும், அகலப் பாத்திரத்தில் அது உதவிகூடச் செய்யும், குவிந்த சட்டியில் வெங்காயக் குழம்பு ஆகிவிடும். வெங்காயம் தொய்ந்த பிறகு ஒரு சிட்டிகை போட்டால் போதும்.

இன்னொன்று, வெங்காயமே காரணமாக இருக்கலாம். அறுத்துக் காயாமல் சந்தைக்கு வந்த புது வெங்காயமும், மழை பட்ட வெங்காயமும் தண்ணீரை விட்டுக்கொண்டே இருக்கும். தோல் சருகாகி, தட்டினால் கல் மாதிரி இருக்கிற பழைய வெங்காயம்தான் இதற்கு. அதனால்தான் நான் சின்ன வெங்காயம் பக்கம் நிற்கிறேன், பெரிய வெங்காயத்தைவிட அதில் தண்ணீர் குறைவு, சத்து அடர்த்தி. பெரம்பலூர், திண்டுக்கல் பக்கமிருந்து வருகிற நல்ல காய்ந்த சின்ன வெங்காயம் கிடைத்தால் விடாதீர்கள். உரிக்கத்தான் பொறுமை வேண்டும். வெந்நீரில் பத்து நிமிடம் போட்டுவைத்து உரித்தால் தோல் வழுக்கிக்கொண்டு வரும், ஆனால் உரித்த பிறகு துணியில் நன்றாகத் துடைத்துவிடுங்கள், இல்லாவிட்டால் நாமே தண்ணீர் சேர்த்த கணக்காகிவிடும்.

ஓரம் கருகிவிட்டது, நடுவில் கடித்தால் பச்சை

தீ அதிகம். இதற்கு வேறு விளக்கம் வேண்டியதில்லை. ஆனால் நறுக்குவதிலும் ஒரு விஷயம் இருக்கிறது. ஒன்று மெல்லிசு, ஒன்று மொத்தை என்று நறுக்கினால் மெல்லிசு கருகும் நேரத்தில் மொத்தை பாதிதான் வெந்திருக்கும். எல்லாம் ஒரே கனமாக, மூன்று மில்லிமீட்டர் அளவில், வேர்ப்பக்கத்திலிருந்து நுனிப்பக்கமாக நீளவாக்கில் நறுக்குங்கள். குறுக்கே வட்டமாக நறுக்கினால் வெங்காயத்தின் நார் அறுபட்டு, வதங்கும்போது கூழாகக் கரைந்துவிடும். நீளவாக்கில் நறுக்கியது கடைசி வரை இழை இழையாக நிற்கும், பீன்ஸோடு பார்க்கவும் அழகு.

எண்ணெயில் கஞ்சத்தனம் பண்ணினாலும் இது நடக்கும். எண்ணெய்தான் பாத்திரத்தின் சூட்டை வெங்காயத்தின் எல்லாப் பக்கமும் கொண்டுபோகிறது. எண்ணெய் இல்லாத இடத்தில் வெங்காயம் பாத்திரத்தைத் தொடுகிற புள்ளி மட்டும் கருகும். ரெண்டு மேசைக்கரண்டிக்குக் குறைக்காதீர்கள், கடைசியில் அதிகமாகத் தெரிந்தால் வெங்காயத்தைச் சட்டியின் ஓரமாக ஒதுக்கிச் சாய்த்து வைத்து, வடிகிற எண்ணெயை அடுத்த தாளிப்புக்கு எடுத்துவைத்துக்கொள்ளலாம்.

இப்போதே கருகத் தொடங்கிவிட்டது என்றால்: அடுப்பை உடனே சிம்மில் வையுங்கள், நிஜமாகவே கருத்த துண்டுகளைப் பொறுக்கி எறியுங்கள், ரெண்டு மேசைக்கரண்டி தண்ணீர் விட்டு ஐந்து நிமிடம் மூடிவையுங்கள். இந்த ஒரு இடத்தில் மட்டும் மூடி சரி, நடுப்பகுதி வெந்துவிடும். பிறகு திறந்து தண்ணீர் வற்றும்வரை வதக்கினால் தப்பித்தோம்.

நிறம் அருமை, வாயில் வைத்தால் கசக்கிறது

பொதுவாக வெங்காயம் இதற்குக் காரணமாக இருக்காது, தாளிப்புதான். கடுகும் உளுத்தம்பருப்பும் கறிவேப்பிலையும் முதலில் போட்டு, அதன்மேலேயே வெங்காயத்தை 25 நிமிடம் வதக்கினால் அந்த உளுந்து என்ன ஆகும்? முதலில் வெங்காயத் தண்ணீரில் நமுத்துப்போகும், அப்புறம் தண்ணீர் வற்றியதும் எல்லாவற்றுக்கும் முன்னால் அதுதான் கருகும். மிளகாயும் அப்படியே. இதற்கு நான் பல வருடமாகச் செய்வது, தாளித்ததும் அதைச் சாரணிக் கரண்டியால் அரித்து ஒரு கிண்ணத்தில் எடுத்துவைத்துவிட்டு, அதே எண்ணெயில் வெங்காயத்தைப் போடுவது. எண்ணெயில் தாளிப்பு மணம் இருக்கும், உளுந்து மொறுமொறுப்பாகக் கிண்ணத்தில் காத்திருக்கும், கடைசியில் மேலே தூவினால் சாப்பிடும்போது பல்லில் நறுக்கென்று படும். இது ஒன்றைச் செய்தாலே பொரியல் ஒரு படி உயர்ந்துவிடும் என்று நான் உறுதியாகச் சொல்வேன்.

அடிப்பிடித்ததைச் சுரண்டிக் கலப்பதிலும் கசப்பு வரும். வெங்காயம் வதங்கும்போது சட்டியின் அடியில் ஒரு படலம் ஒட்டும். அது பழுப்பு நிறமாக இருந்தால் அதுதான் ருசியே, ஒரு மேசைக்கரண்டி தண்ணீர் தெளித்துக் கரண்டியால் சுரண்டி வெங்காயத்தோடு சேர்த்துவிடுங்கள், நிறம் ஒரே புரட்டில் ஏறுவது கண்ணுக்குத் தெரியும். மூன்று நான்கு தடவை இப்படித் தெளிக்க வேண்டிவரும். படலம் கறுப்பாகிவிட்டால் தொடாதீர்கள், வெங்காயத்தை மட்டும் வேறு சட்டிக்கு மாற்றுங்கள். கறுப்பைக் கலந்த பிறகு சர்க்கரை போட்டுச் சரிக்கட்டப் பார்ப்பது வீண், கசப்போடு திகட்டலும் சேரும்.

பூண்டு போடுகிற பழக்கம் இருந்தால் வெங்காயம் முடிய ரெண்டு நிமிடம் இருக்கும்போது போடுங்கள். ஆரம்பத்திலேயே போட்ட பூண்டு கண்டிப்பாகக் கருகும்.

பீன்ஸ் பச்சை போய் காக்கி நிறம் ஆகிவிட்டது

பீன்ஸின் பச்சையத்துக்கு நடுவில் ஒரு மெக்னீசியம் அணு உட்கார்ந்திருக்கிறது. காய் வேகும்போது அதற்குள் இருக்கிற லேசான புளிப்புத்தன்மை வெளியே வந்து அந்த மெக்னீசியத்தைத் தள்ளிவிடும், அப்போதுதான் பச்சை மங்கி அந்தப் பாசிக் காக்கி நிறம் வருகிறது. மூடி போட்டுக் கொஞ்சம் தண்ணீரில் வேகவைத்தால் புளிப்பெல்லாம் உள்ளேயே சுற்றிச்சுற்றி வரும். திறந்த பாத்திரத்தில் நிறையத் தண்ணீரில் வேகவைத்தால் கொஞ்சம் ஆவியோடு போகும், மிச்சம் தண்ணீரில் கரைந்து நீர்த்துவிடும். இதோடு நேரமும் சேருகிறது. ஏழெட்டு நிமிடத்தைத் தாண்டினால் எப்படி வேகவைத்தாலும் நிறம் இறங்கத்தான் செய்யும்.

அதனால் இப்படிச் செய்யுங்கள். பெரிய பாத்திரத்தில் ஒன்றரை லிட்டர் தண்ணீர், ரெண்டு தேக்கரண்டி உப்பு, தளதளவென்று கொதிக்கட்டும். பொடியாக நறுக்கிய பீன்ஸைக் கொட்டுங்கள், மூடாதீர்கள். ஒரு நிமிடத்துக்குள் பச்சை பளிச்சென்று ஏறும், காய்க்குள் இருந்த காற்று வெளியேறுவதால் வருகிற நிறம் அது, அதைப் பார்த்து வெந்துவிட்டது என்று ஏமாந்துவிடாதீர்கள். நாலாவது நிமிடம் ஒன்றை எடுத்துக் கடித்துப் பாருங்கள். பச்சை வாடை போய், ஆனால் பல்லுக்கு இன்னும் கொஞ்சம் வேலை இருக்க வேண்டும். உடனே வடித்து ஒரு அகலத் தாம்பாளத்தில் பரப்பிவிடுங்கள், மின்விசிறிக் காற்றில் ஆறட்டும். குவித்து வைத்தால் தன் சூட்டிலேயே இன்னும் ஐந்து நிமிடம் வெந்து, பட்ட பாடெல்லாம் வீணாகும். குளிர்ந்த தண்ணீரில் அலசினாலும் நிறம் நிற்கும், ஆனால் பொரியலுக்கு ஈரம் சேர்ந்துவிடும், நான் தாம்பாளம்தான்.

வடித்த தண்ணீரைக் கொட்ட மனசு வராதவர்கள் உப்பு கணக்குப் பார்த்து ரசத்துக்கோ சாம்பாருக்கோ விட்டுக்கொள்ளுங்கள், சத்தில் கொஞ்சம் அதில்தான் இருக்கிறது. தண்ணீரில் போடவே பிடிக்காதவர்களுக்கு இட்லிப் பானை இருக்கிறதே. தண்ணீர் நன்றாக ஆவி வந்த பிறகு தட்டில் துணி விரித்துக் காயைப் பரப்பி ஆறேழு நிமிடம். நிறம் ஒரு பிடி குறைவாக வரும், ருசி குறையாது. குக்கர் மட்டும் வேண்டாம். உள்ளே சூடு 120 டிகிரிக்குப் பக்கத்தில் போகும், ஒரு விசில் வருவதற்குள் பொடியாக நறுக்கிய பீன்ஸ் கதை முடிந்துவிடும்.

ஆப்ப சோடா ஒரு சிட்டிகை போட்டால் பச்சை நிற்கும் என்று சொல்வார்கள். உண்மைதான், பச்சை நிற்கும், பீன்ஸ் நிற்காது. தோல் வழவழத்துப் போகும், சோப்பு மாதிரி ஒரு ருசி வரும், பி1 வைட்டமினும் அழியும். கண்ணுக்காக வாயைக் கெடுத்துக்கொள்ள வேண்டாம்.

எவ்வளவு நேரம் வேகவைத்தாலும் பீன்ஸ் வேகவே இல்லை

இது என்னை ஒரு வருடம் பாடாய்ப் படுத்தியது. வீடு மாறியிருந்தோம், அதே கடைப் பீன்ஸ், அதே பாத்திரம், அதே நேரம், ஆனால் காய் மட்டும் ரப்பர் மாதிரி இருக்கும். முற்றல் காய் கொடுக்கிறார் என்று காய்க்காரரைக்கூட மனசுக்குள் திட்டியிருக்கிறேன். ஒரு நாள் குழாயில் தண்ணீர் வராமல் கேன் தண்ணீரில் வேகவைத்தேன், நாலே நிமிடத்தில் வெந்தது. அப்போதுதான் புரிந்தது, புது வீட்டின் ஆழ்துளைக் கிணற்றுத் தண்ணீரில் உப்புக்கடுமை அதிகம், குழாயைச் சுற்றி வெள்ளை வெள்ளையாகப் படிந்திருப்பதைத் தினம் பார்த்துக்கொண்டேதான் இருந்தேன். அந்தத் தண்ணீரில் இருக்கிற சுண்ணாம்புச் சத்து காயின் செல்களை ஒட்டிவைத்திருக்கிற பெக்டினோடு சேர்ந்து அதை இறுக்கிவிடுகிறது. பருப்பு வேகாததும் அதே காரணம்தான். உங்கள் வீட்டில் பருப்பு வேக நேரம் எடுக்கிறது, வெந்நீர்ப் பாத்திரத்தில் வெள்ளை படிகிறது என்றால் பீன்ஸுக்கும் குடிதண்ணீரையே எடுங்கள்.

தண்ணீர் நல்ல தண்ணீர்தான், ஆனாலும் வேகவில்லை என்றால் அடுத்து புளிப்பு. தக்காளியோ புளித்தண்ணீரோ எலுமிச்சையோ காய் வேகும் முன் சேர்ந்தால் காய் இறுகும். எல்லாம் வெந்த பிறகுதான்.

மூன்றாவது காரணம் யாரும் சந்தேகப்படாதது. பச்சைத் தண்ணீரில் பீன்ஸைப் போட்டு, சின்னத் தீயில் மெதுவாகச் சூடேற்றுவது. 55 முதல் 65 டிகிரிச் சூட்டில் காயில் இருக்கிற ஒரு நொதி விழித்துக்கொண்டு பெக்டினை இறுக்க ஆரம்பிக்கும். அந்தச் சூட்டில் அரைமணி நேரம் கிடந்த காய், அப்புறம் கொதிக்கவைத்தாலும் லேசில் மெத்தென்று ஆகாது. ஊறுகாய்க்குக் காய் நறுக்கென்று இருக்க வேண்டும் என்றால் இது நல்ல உத்தி, பொரியலுக்குக் கெடுதல். அதனால்தான் தண்ணீர் கொதித்த பிறகு போடுங்கள் என்று அழுத்திச் சொல்கிறேன்.

இதெல்லாம் இல்லை என்றால் காய் முற்றல்தான். வாங்கும்போதே ஒன்றை ஒடித்துப் பாருங்கள், டக்கென்று ஒடிந்து உடைந்த இடத்தில் ஈரம் தெரிய வேண்டும். வளைந்தால் வாடியது. தோலின் மேல் விதை புடைத்துத் தெரிந்தால் முற்றல், அதைப் பொரியலுக்கு வைக்காமல் விதையை உரித்துக் குருமாவில் போடுங்கள். ஊட்டி, கொடைக்கானல் பக்கமிருந்து வருகிற இளசு காயில் பெரும்பாலும் நார் இருக்காது. ஆனால் சில கொடி வகைகளில் ரெண்டு விளிம்பிலும் நார் ஓடும், காம்பைக் கிள்ளி அப்படியே இழுத்து உரித்துவிட வேண்டும். நார் வேகாது, ஒரு மணி நேரம் வைத்தாலும் வேகாது. இலங்கையில் போஞ்சி என்று சொல்வதும் இதே காய்தான், அங்கே பால்கறி வைக்க நீளமாக நறுக்குவார்கள், நீளமாக நறுக்கும்போது நார் இன்னும் கவனம்.

பீன்ஸ் குழைந்துவிட்டது

திரும்ப எடுக்க முடியாது. அகலச் சட்டியில் நல்ல தீயில் ரெண்டு நிமிடம் கிளறாமல் ஈரத்தைப் போக்கி, வறுத்த கடலைப்பருப்போடு மிளகாய் வைத்துக் கொரகொரப்பாகப் பொடித்துத் தூவுங்கள், பொடி ஈரத்தைக் குடித்துக் கொஞ்சம் உருவம் கொடுக்கும்.

எல்லாம் சரியாக இருக்கிறது, ஆனால் சப்பென்று இருக்கிறது. வெங்காயம் ஒரு பக்கம், காய் ஒரு பக்கம்

உப்பு. வெங்காயத்துக்குத் தனியாக, காய் வேகும் தண்ணீரில் தனியாக, ரெண்டு இடத்திலும் உப்பு சேர வேண்டும். கடைசியில் மேலே தூவுகிற உப்பு வெளியேதான் நிற்கும், காய்க்குள் போக நேரமே இல்லை. அப்புறம் சேர்க்கிற விதம். வெங்காயம் முடிந்ததும் தீயை ஏற்றி, வடித்த பீன்ஸை அதே சட்டியில் கொட்டி, ஒரு மேசைக்கரண்டி தண்ணீர் தெளித்து, அடியில் ஒட்டியிருக்கும் பழுப்பு எல்லாம் கரைந்து காயின் மேல் பூசுகிற மாதிரி ரெண்டு நிமிடம் புரட்ட வேண்டும். அந்த ரெண்டு நிமிடத்தில்தான் ரெண்டும் ஒரே பொரியல் ஆகிறது. தட்டில் காயைப் பரப்பி மேலே வெங்காயத்தைத் தூவுவது பார்க்க நன்றாக இருக்கும், சாப்பிட நன்றாக இருக்காது.

பீன்ஸில் ஈரம் சொட்டச்சொட்டக் கொட்டினால் எவ்வளவு பாடுபட்டு வதக்கிய வெங்காயமும் ஊறித் தளர்ந்துவிடும். ஆறவைத்த காய் தொட்டால் கையில் ஈரம் ஒட்டக் கூடாது.

இனிப்பு தூக்கலாக இருக்கிறது, ரெண்டு வாய்க்கு மேல் இறங்கவில்லை

வெங்காயத்தின் காரம் வேகும்போது போய்விடும், தண்ணீரும் போய்விடும், அதிலிருந்த சர்க்கரை மட்டும் அடர்ந்து நிற்கும். பெரிய வெங்காயத்தில், அதுவும் நல்ல பெல்லாரியில், இது அதிகம் தெரியும். சர்க்கரையோ வெல்லமோ போட்டு வதக்கச் சொல்கிற குறிப்புகளை விட்டுவிடுங்கள், நிறம் சீக்கிரம் வரும், திகட்டலும் வரும். இனிப்புக்குச் சரியான துணை உறைப்பும் ஒரு துளிப் புளிப்பும். அடுப்பை அணைத்த பிறகு அரை மூடி எலுமிச்சை, அல்லது கரகரப்பாக இடித்த மிளகு அரை தேக்கரண்டி. என் கை மிளகுப் பக்கம்தான் போகும். எலுமிச்சை பிழிந்தால் உடனே சாப்பிட்டுவிடுங்கள், பத்து நிமிடத்தில் அந்தப் புளிப்பே பச்சையைக் காக்கியாக்கிவிடும், காரணம் மேலே சொன்ன மெக்னீசியம் கதைதான்.

இரும்புச் சட்டியில் செய்தேன், மொத்தமும் கருத்திருக்கிறது

வதக்க இரும்புதான் எனக்கும் பிடிக்கும். ஆனால் செய்து முடித்துவிட்டு அதிலேயே வைக்கக் கூடாது. வெங்காயத்திலும் பீன்ஸிலும் இருக்கிற துவர்ப்புப் பொருள்கள் இரும்போடு சேர்ந்தால் சாம்பல் கலந்த கறுப்பு வரும். உடம்புக்கு ஒன்றும் செய்யாது, ஆனால் பார்க்கவே பிடிக்காது. அணைத்ததும் எவர்சில்வர் பாத்திரத்துக்கு மாற்றிவிடுங்கள். எலுமிச்சையையும் மாற்றிய பிறகே பிழியுங்கள்.

மதியம் டப்பாவைத் திறந்தால் தண்ணீர் விட்டு, ஒரு மாதிரி வாடை

சூட்டோடு மூடியிருக்கிறீர்கள். ஆவி மூடியில் பட்டுத் தண்ணீராகத் திரும்பக் காயில்தான் விழும். கைபொறுக்கிற சூடு வரும்வரை திறந்து ஆறவையுங்கள். தேங்காய் சேர்த்திருந்தால் வாடைக்கு அதுதான் காரணம், வெயில் காலத்தில் மதியம் வரை தேங்காய்ப்பூ தாங்காது. டப்பாவுக்குக் கட்டுகிற நாளில் தேங்காய் வேண்டாம், வெங்காயமே அந்த இடத்தை நிரப்பிவிடும். எடுத்துவைத்த உளுந்துத் தாளிப்பையும் மேலே தூவி மூடாமல், சின்ன மூடிபோட்ட டப்பாவில் தனியாகக் கொடுத்தால் சாப்பிடும்போது மொறுமொறுப்பாக இருக்கும்.

காலையில் இதற்கெல்லாம் நேரமே கிடையாது

நியாயமான பிரச்சினை, பள்ளிக்கும் ஆபீசுக்கும் ஆள் கிளம்புகிற வீட்டில் 25 நிமிடம் வெங்காயத்துக்கு மட்டும் யார் நிற்பது? ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் ஒரு கிலோவை ரெண்டு சட்டியில் பிரித்துப் போட்டு மொத்தமாக வதக்கிவிடுங்கள், பாதி உப்புப் போட்டால் போதும். நன்றாக ஆறியதும் ஈரமில்லாத கண்ணாடிப் பாட்டிலில் அழுத்தி அடைத்துப் பிரிட்ஜில் வைத்தால் நாலு நாள் தாராளமாக இருக்கும், எடுக்கும்போது ஈரக் கரண்டி மட்டும் விடக் கூடாது. அப்புறம் காலையில் வேலை பீன்ஸுக்கு மட்டும்தான். தண்ணீர் கொதிக்கிற நேரத்தில் காயை நறுக்கி, நாலு நிமிடம் வேகவைத்து, வடித்து, ரெண்டு மேசைக்கரண்டி வெங்காயத்தோடு புரட்டினால் முடிந்தது. பாட்டிலில் மிச்சம் இருப்பதை அவரைக்காய்க்கும் இதே மாதிரி போடலாம். கொத்தவரங்காய் என்றால் வேகவைத்த தண்ணீரைக் கண்டிப்பாக வடித்துக் கொட்டிவிட வேண்டும், அதில்தான் கசப்பு. முருங்கைக்கீரைக்கு மட்டும் முறையே வேறு. கீரையைத் தனியாக வேகவைக்க வேண்டாம், சூடான சட்டியில் வெங்காயத்தைப் போட்டு அதன்மேல் உருவிய கீரையைக் கொட்டி, மூடாமல் மூன்று நாலு நிமிடம் கிளறி இறக்கிவிடுங்கள்.